ஆனைக்கும் ஆன்லைன் சறுக்கும்: பழமொழியைத் திரிக்கும் கலை

கேள்வி இது: "பழமொழிகளையும் எல்லாருக்கும் தெரிந்த வாசகங்களையும் திரித்துச் சிரிக்க வைப்பது எப்படி? சிலர் சொன்னால் உடனே சிரிப்பு வருகிறது. நான் எழுதினால் சப்பென்று இருக்கிறது. 'ஆனைக்கும் அடி சறுக்கும்' என்பதை 'ஆனைக்கும் இன்டர்நெட் நின்றுபோகும்' என்று மாற்றிப் பார்த்தேன். யாரும் சிரிக்கவில்லை. அதோடு, இப்படி மாற்றுவது முன்னோர் சொல்லைக் கெடுப்பது ஆகாதா?"

முதலில் அந்த ஆனையையே எடுத்துக்கொள்வோம். 'ஆனைக்கும் அடி சறுக்கும்' என்பதில் மூன்றே சொற்கள். முதல் இரண்டும் ஆ, அ என்று மோனையில் கைகோத்து நிற்கின்றன. மூன்றாவது சொல்லில் அவ்வளவு பெரிய உருவம் வழுக்குகிற காட்சி இருக்கிறது. நீங்கள் மாற்றியதில் இந்த இரண்டுமே போய்விட்டன. 'இன்டர்நெட்' வந்ததும் மோனை அறுந்தது. 'நின்றுபோகும்' வந்ததும், கேட்பவர் காத்திருந்த 'சறுக்கும்' காணாமல் போனது. மிஞ்சியது ஆனை மட்டும்தான். ஆனைக்கும் இணைய இணைப்புக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பவர் யோசிக்கத் தொடங்கினால் சிரிப்பு அங்கேயே படுத்துவிடும்.

இப்போது 'சறுக்கும்' என்பதைத் தொடாமல் நடுச்சொல்லை மட்டும் மாற்றிப் பாருங்கள்: 'ஆனைக்கும் ஆன்லைன் சறுக்கும்.' மோனை திரும்ப வந்துவிட்டது. ஆனை, ஆன்லைன் என்று இரண்டாவது எழுத்திலும் னகரமே ஒலிப்பதால் எதுகைச் சாயலும் கூடவே வந்து ஒட்டிக்கொண்டது. பழமொழி தொடங்கிய இடத்தில் தொடங்கி, முடிகிற இடத்திலேயே முடிகிறது. நடுவில் மட்டும் யாரோ புது ஆள் உட்கார்ந்திருக்கிறார், அதுவும் அந்த வீட்டுப் பிள்ளை போலவே. சொல்ல வந்த விஷயம் இரண்டிலும் ஒன்றுதான். காது ஏற்றுக்கொண்டதில்தான் வித்தியாசம்.

இந்தக் கலையில் நான் முதன்மையாகக் கருதுவது இதைத்தான்: எவ்வளவு குறைவாக மாற்றுகிறோமோ அவ்வளவு பலம். ஒரு பழமொழியின் முதல் சொல்லைக் கேட்டதுமே நம் மனம் அதை முடித்துவிடுகிறது. 'பொறுத்தார்' என்றவுடன் 'பூமி ஆள்வார்' உள்ளே ஒலித்துவிடும். திரிப்பவர் செய்வதெல்லாம், மனம் முடித்து வைத்த வடிவத்துக்கும் காதில் விழுகிற வடிவத்துக்கும் இடையே ஒரே ஒரு இடறலை வைப்பது. மூலம் கேட்பவருடைய மனத்தில் முழுசாக இருந்தால்தான் அந்த இடறல் தெரியும். நிறைய மாற்றினால் மூலமே நினைவுக்கு வராது. அப்புறம் அது ஒரு சாதாரண வாக்கியம்.

'பொறுத்தார் பூமி ஆள்வார்' என்பதையே பாருங்கள். பழைய அறிவுரை பொறுமையைப் புகழ்கிறது. நிலத்தின் விலை ஆண்டுதோறும் ஏறுகிற காலத்தில், 'இன்னும் கொஞ்சம் பொறுத்து வாங்கலாம்' என்று இருந்தவர்களைப் பற்றி 'பொறுத்தார் பூமி வாங்கார்' என்று சொல்லிப் பாருங்கள். ஆள்வார் போய் வாங்கார் வந்தது, அவ்வளவுதான். ஆனால் பூமி என்ற சொல்லின் பொருளே மாறிவிட்டது. மூலத்தில் அது உலகம். இங்கே அது பத்திரப் பதிவு செய்கிற மனை. சொல்லைத் தொடாமலே அதன் பொருளை மட்டும் நகர்த்துவது திரிப்பில் மிக உயர்ந்த வகை என்பேன்.

இன்னும் குறைவாகவும் மாற்றலாம். 'ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா?' என்பதில் உள்ள எதிர்மறையை மட்டும் எடுத்துவிடுங்கள்: 'ஐந்தில் வளைந்தது ஐம்பதில் வளையுமா?' குனிந்து செருப்பை மாட்டவே யோசிக்கிற வயதில் இருப்பவர்களுக்கு இதற்கு விளக்கமே வேண்டாம். மூலம் குழந்தை வளர்ப்பைப் பற்றிப் பேசியது. திரிப்பு முதுகெலும்பைப் பற்றிப் பேசுகிறது. 'ஐந்தில் வளையாதது ஐம்பதில் வலிக்கும்' என்றும் சொல்லலாம், அதுவும் மோசமில்லை. ஆனால் முதலில் சொன்னது மேல், ஏனென்றால் அது பழமொழியின் கேள்வியை அப்படியே வைத்துக்கொண்டு வேறு பதிலை வரவழைக்கிறது.

ஒரே ஒரு நெடிலில் கவிழ்வதும் உண்டு. புறநானூற்றின் 192-ஆம் பாடலில் கணியன் பூங்குன்றனார் பாடிய 'யாதும் ஊரே யாவரும் கேளிர்' என்ற அடியில் கேளிர் என்றால் உறவினர். அதையே 'கேளீர்' என்று நீட்டினால் எல்லாரும் கேளுங்கள் என்று ஆகிவிடும். தெருவெல்லாம் ஒலிபெருக்கி கட்டி அலறவிடுகிறவர்களுக்கு 'யாதும் ஊரே, யாவரும் கேளீர்' என்பதைவிடப் பொருத்தமான வாசகம் கிடையாது. இதில் கவனிக்க வேண்டியது, பலர் மூலத்தையே தவறாகக் 'கேளீர்' என்றுதான் எழுதுகிறார்கள். அப்படி எழுதிப் பழகிய ஒருவரிடம் இந்தத் திரிப்பைச் சொன்னால் அவருக்குத் திரிப்பே தெரியாது. மூலம் சரியாகத் தெரிந்தவருக்குத்தான் சிரிப்பு.

குறளைத் திரிப்பது இன்னும் கடினம், யாப்பு இடம் கொடுக்காது. ஆனால் இடம் கொடுக்கிற இடத்தில் அழகாகக் கொடுக்கும். 'கற்க கசடறக் கற்பவை கற்றபின் நிற்க அதற்குத் தக' என்ற 391-ஆம் குறளில் 'நிற்க' என்பதை 'விற்க' என்று மாற்றிப் பலர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். கல்வி வியாபாரத்தைக் குத்த இதைவிடச் சிறிய ஊசி கிடையாது. இது ஏன் இவ்வளவு ஒட்டுகிறது? எதுகை என்பது இரண்டாம் எழுத்தில் இருக்கிறது. கற்க, கற்பவை, கற்றபின், நிற்க எல்லாவற்றிலும் இரண்டாம் எழுத்து ற். 'விற்க' என்று மாற்றும்போது முதல் எழுத்துதான் போகிறது, எதுகைக்கு உரிய ற் தன் இடத்திலேயே இருக்கிறது. சீரும் குலையவில்லை. தமிழில் திரிக்க நினைப்பவருக்கு இது ஒரு நல்ல சாவி: முதல் எழுத்தை மாற்று, இரண்டாம் எழுத்தைக் காப்பாற்று.

கொன்றைவேந்தனில் ஔவையார் சொன்ன 'ஊருடன் பகைக்கின் வேருடன் கெடும்' என்பதிலும் ஊருடன், வேருடன் என்ற ஓசைக்கட்டைத் தொடக் கூடாது. நடுவில் கை வைக்கலாம்: 'ஊருடன் பகிரின் வேருடன் கெடும்.' வந்த செய்தியை எல்லாம் உண்மையா பொய்யா என்று பாராமல் ஐம்பது பேருக்கு அனுப்பிவைக்கிற பழக்கத்துக்கு இது பொருந்தும். அதே ஔவையார் பெயரில் வழங்கும் 'கற்றது கைமண் அளவு, கல்லாதது உலகளவு' என்பதை 'கற்றது கைபேசி அளவு, கல்லாதது உலகளவு' என்று மாற்றினால், சிரித்து முடித்த பிறகும் அதில் ஏதோ உண்மை இருக்கிறதே என்று தோன்றும். அந்தத் தோன்றல் முக்கியம். ஓசை சரியாக வந்தும் ஒரு திரிப்பு நிற்காமல் போகிறதென்றால் பெரும்பாலும் அதில் சொல்வதற்கு ஒன்றும் இல்லை என்று பொருள். தொல்காப்பியம் முதுமொழிக்கு நுண்மை, சுருக்கம், ஒளியுடைமை, மென்மை என்று நான்கு குணம் சொல்கிறது. ஒரு கருத்தை நிறுவ வருவது என்றும் சொல்கிறது. திரித்த மொழியும் அந்த வேலையைச் செய்ய வேண்டும்.

தமிழில் இதற்கென்றே அமைந்த ஒரு வசதி உண்டு. 'ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்', 'விடிய விடிய ராமாயணம் கேட்டுச் சீதைக்கு ராமன் சித்தப்பா என்றானாம்' என்று நம் பழமொழிகளில் கடைசியில் வந்து உட்காரும் 'ஆம்'. யாரோ சொல்லக் கேட்டது, எப்போதோ நடந்தது என்ற தொலைவை அந்த ஈரெழுத்துச் சங்கதி கொண்டுவந்துவிடுகிறது. நேற்று நடந்ததைக்கூட அதைச் சேர்த்துச் சொன்னால் நூறு வயசு ஏறிவிடும். 'சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி' என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். 'சும்மா கிடந்த கணினியை நோண்டிக் கெடுத்ததாம் ஆண்டிவைரஸ்.' ஆண்டி அப்படியே இருக்கிறார், பின்னால் மூன்று எழுத்து நீண்டிருக்கிறார். நோண்டி, ஆண்டி என்று ஒரு புது எதுகையும் கிடைத்தது. இதில் 'கெடுத்ததாம்' என்பதை 'கெடுத்தது' என்று ஆக்கிச் சொல்லிப் பாருங்கள். புகார் மாதிரி ஆகிவிடும், பழமொழித் தோரணை போய்விடும்.

சொல்லையே மாற்றாமல் திரிப்பதும் ஒரு வழி. பழமொழி உருவகமாகச் சொன்னதை நேரடியாக எடுத்துக்கொள்வது. 'குரைக்கிற நாய் கடிக்காது' என்று தைரியம் சொல்பவரிடம், 'சரி, குரைத்து முடித்த பிறகு?' என்று கேட்பது. குரைக்கும்போது வாய் வேறு வேலையில் இருக்கிறது, கடிக்க முடியாதுதான். பழமொழி பொய் சொல்லவில்லை, கேட்டவரும் தப்பாகக் கேட்கவில்லை. இரண்டும் ஒரே நேரத்தில் சரியாக இருப்பதில்தான் இதன் சுவை.

இரண்டு பழமொழிகளை மோதவிடுவது எனக்கு மிகவும் பிடித்த வகை. நம்மிடம் எந்த அறிவுரைக்கும் எதிர் அறிவுரை இருக்கிறது. பதறாத காரியம் சிதறாது என்போம். அதே வாயால் ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்றும் சொல்வோம். 'அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும்' என்று விடாமுயற்சி பேசுகிற ஒருவரிடம், 'ஆடிக் காற்றில் அம்மியே பறக்கும்போது அடி எதற்கு? ஆடி வரை பொறுங்கள்' என்று சொல்லலாம். சொன்னது இரண்டுமே பழமொழிதான், நாமாகச் சேர்த்தது ஒன்றுமில்லை. அம்மி இரண்டிலும் வருவதால் பாலம் தானாக அமைந்துவிட்டது. அதுபோல ஒன்றின் தலையை இன்னொன்றின் வாலோடு ஒட்டலாம்: 'ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால் வைத்தால் ஆனைக்கும் அடி சறுக்கும்.' பொதுவான சொல்லோ பொதுவான உறுப்போ இருந்தால்தான் ஒட்டு தெரியாமல் இருக்கும். இங்கே கால் அந்த வேலையைச் செய்கிறது. பொதுவாக எதுவும் இல்லாத இரண்டை ஒட்டினால் தையல் பல்லிளிக்கும்.

நம் மொழியில் இந்த விளையாட்டு ஏன் இவ்வளவு செழித்தது என்பதற்கு ஒரு காரணம் எழுத்திலேயே இருக்கிறது. தமிழில் சொற்கள் புணரும்போது எல்லை மறைந்துவிடும். ஓலைச் சுவடிகளில் சொற்களுக்கிடையே இடைவெளி கிடையாது, பல சமயம் மெய்யெழுத்துக்குப் புள்ளியும் இருக்காது. எங்கே பிரிப்பது என்பதைப் படிப்பவர்தான் தீர்மானிக்க வேண்டும். சேர்த்துப் படித்தால் ஒரு பொருள், பிரித்துப் படித்தால் இன்னொரு பொருள் என்ற நிலை தினசரி அனுபவமாக இருந்த ஒரு படிப்புலகம் அது. அதனால்தான் அணி இலக்கண நூலான தண்டியலங்காரம் சிலேடையைச் செம்மொழி, பிரிமொழி என்று இரண்டாகப் பிரித்து இலக்கணமே சொல்லிவிட்டது. சொல் அப்படியே நின்று இருபொருள் தந்தால் செம்மொழிச் சிலேடை, பிரித்தால் வேறு பொருள் தந்தால் பிரிமொழிச் சிலேடை.

காளமேகப் புலவரின் பெயரில் வழங்கும் நாகைச் சத்திரப் பாடல் இதற்கு உச்சம்:

கத்துகடல் சூழ்நாகைக் காத்தான்தன் சத்திரத்தில்
அத்தமிக்கும் போதில் அரிசிவரும் – குத்தி
உலையிலிட ஊரடங்கும் ஓரகப்பை அன்னம்
இலையிலிட வெள்ளி எழும்.

பொழுது சாயும்போதுதான் அரிசியே வருகிறது, குத்தி உலையில் போடுவதற்குள் ஊர் தூங்கிவிடுகிறது, ஒரு அகப்பை சோறு இலையில் விழும்போது விடிவெள்ளி முளைத்துவிடுகிறது. பசியோடு காத்திருந்த புலவரின் வசை இது. சத்திரத்துக்காரர் காத்தான் வருந்தி வேண்டியதும் அதே பாட்டுக்குப் புகழாகப் பொருள் சொன்னார் என்று கதை போகிறது: நாட்டில் உணவு அற்றுப்போகும் பஞ்ச காலத்தில் இந்தச் சத்திரத்துக்கு அரிசி வரும், உலை வைத்தால் ஊரின் பசி அடங்கும், இலையில் விழும் சோறு வெள்ளியைப்போல் வெண்மையாக இருக்கும். ஓர் எழுத்துகூட மாறவில்லை. 'ஊரடங்கும்' என்பதில் அடங்குவது மக்களா பசியா என்பது போலப் பொருளை மட்டும் மாற்றினார். பூமியை உலகத்திலிருந்து மனைக்கு நகர்த்தியதும் இதே வித்தைதான், அளவில்தான் சிறியது.

இருபதாம் நூற்றாண்டில் இதற்கு நல்ல உதாரணம் கி.வா.ஜகந்நாதன். உ.வே.சாமிநாதையரின் மாணவர், கலைமகள் இதழின் ஆசிரியர். இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகளைத் திரட்டித் தொகுத்தவர் அவர். மேடையிலும் பேச்சிலும் சிலேடைக்குப் பேர்போனவரும் அவரே. வழியில் நின்றுவிட்ட காரைத் தள்ள மற்றவர்கள் இறங்கியபோது, 'தள்ளாதவன்' என்ற சொல்லை முதுமைக்கும் வண்டிக்கும் சேர்த்துப் பொருந்தும்படி அவர் சொன்னதாக ஒரு துணுக்கு இன்றும் உலவுகிறது. பழமொழிகளை ஒன்றுவிடாமல் சேர்த்துவைக்கிற பக்தியும் சொல்லை வைத்து விளையாடுகிற சுதந்திரமும் ஒரே ஆளிடம் இருந்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை. சொல்லின் ஒவ்வோர் அணுவையும் தெரிந்தவரால்தான் எதைத் தொடலாம், எதைத் தொடக் கூடாது என்று பார்க்க முடியும்.

இங்கே இன்னொன்றையும் பேச வேண்டும். 'இந்தப் பழமொழியின் உண்மைப் பொருள் தெரியுமா?' என்று தொடங்கும் விளக்கங்கள் நிறைய உலவுகின்றன. சோழியன் குடுமி சும்மா ஆடுமா என்பது உண்மையில் 'சும்மாடு ஆகுமா' என்பதாம். சும்மாடு என்றால் தலையில் பாரம் ஏற்றுமுன் துணியைச் சுருட்டி வைத்துக்கொள்வது. மண் குதிரை என்பது 'மண் குதிர்', அதாவது ஆற்றுக்குள் இருக்கும் மணல் மேடாம். கழுதைக்குத் தெரியுமா கற்பூர வாசனை என்பது 'கழு தைக்கத் தெரியுமாம் கற்பூர வாசனை' என்பதன் சிதைவாம், கழு என்ற கோரையில் பாய் தைத்தால் கற்பூரம் மணக்குமாம்.

இவற்றில் சில உண்மையாகவும் இருக்கலாம், பழைய ஏட்டுச் சான்று காட்டினால் ஏற்றுக்கொள்ளலாம். ஆனால் பெரும்பாலானவை பிரிமொழிச் சிலேடைகளே, ஆராய்ச்சி வேடம் போட்டு வருகின்றன. கழுதையை எடுத்துக்கொள்ளுங்கள். கன்னடத்தில் 'கத்தெகேனு கொத்து கஸ்தூரி பரிமள' என்று ஒரு பழமொழி உண்டு: கழுதைக்கு என்ன தெரியும் கஸ்தூரி மணம். தெலுங்கில் 'காடிதகேம் தெலுசு கந்தம் வாசன': கழுதைக்கு என்ன தெரியும் சந்தன வாசனை. அக்கம்பக்கத்து மொழிகளிலெல்லாம் அதே இடத்தில் கழுதை நிற்கிறது. கன்னடத்திலும் தெலுங்கிலும் கழுவையும் பாயையும் எங்கே தேடுவது? தமிழிலும் அது கழுதைதான்.

இந்த மூன்றையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இன்னொரு அழகும் தெரிகிறது. தமிழில் கழுதை, கற்பூரம். கன்னடத்தில் கத்தெ, கஸ்தூரி. தெலுங்கில் காடித, கந்தம். மூன்று மொழியிலும் வாசனைப் பொருள் வேறு வேறு, ஆனால் ஒவ்வொன்றிலும் அது அந்த மொழியின் கழுதையோடு மோனையில் பொருந்துகிறது. எந்த வாசனை என்பதை ஓசையே தேர்ந்தெடுத்திருக்கிறது. உங்கள் ஆனைக்கு 'ஆன்லைன்' பொருந்தி 'இன்டர்நெட்' பொருந்தாமல் போனதும் இதே விதியால்தான். பழமொழியை உண்டாக்கியவர்களும் திரிப்பவர்களும் ஒரே காதை வைத்துத்தான் வேலை செய்கிறார்கள்.

இதிலிருந்தே உங்கள் கடைசிக் கேள்விக்கு வரலாம். கெடுப்பது ஆகாது என்பதே என் உறுதியான கருத்து. பழமொழிக்கு ஒரே ஒரு அசல் வடிவம் என்றைக்கும் இருந்ததில்லை. முன்றுறை அரையனார் பழமொழி நானூறு பாடியபோது, புழக்கத்தில் இருந்த பழமொழிகளை வெண்பாவின் இறுதியில் பொருத்தினார். 'நிறைகுடம் நீர்தளும்பல் இல்', 'நுணலும்தன் வாயால் கெடும்' என்றெல்லாம் அதில் வருகின்றன. நாம் இன்று 'நிறைகுடம் தளும்பாது' என்கிறோம், 'தவளை தன் வாயால் கெடும்' என்கிறோம். நுணல் தவளையாகிவிட்டதே என்று யாரும் வருந்தவில்லை. வாய்க்கு வாய் மாறியதால்தான் இவை இத்தனை நூற்றாண்டு தங்கின. திரித்துச் சிரிப்பதும் நமக்கு மட்டும் உரியதில்லை. வோல்ஃப்காங் மீடர் என்ற பழமொழி ஆய்வாளர் 1982-இல் இவற்றுக்கு 'எதிர்ப்பழமொழி' என்று பொருள்படும் ஒரு ஜெர்மன் சொல்லை உண்டாக்கினார். இன்று பல மொழிகளில் இவற்றை ஆராய்கிறார்கள். திரிப்பு ஒவ்வொன்றும் மூலத்தை ஒருமுறை மனத்துக்குள் சொல்ல வைக்கிறது. மறந்துபோன பழமொழியை யாரும் திரிப்பதில்லை.

ஆனால் அதே காரணத்தால் ஒரு எச்சரிக்கையும் உண்டு. கேட்பவர் மூலத்தை உள்ளே சொல்லிப் பார்ப்பார் என்றால், மூலம் யாரையாவது புண்படுத்துவதாக இருந்தால் அந்தப் புண்ணும் உள்ளே ஒருமுறை திறக்கும். சாதியையும் உடற்குறையையும் இழிவாகப் பேசுகிற பழமொழிகள் நம்மிடம் கணிசமாக இருக்கின்றன. அவற்றை எடுத்து வேறு எதையோ கேலி செய்ய வால் மாற்றிச் சொல்வதை நான் செய்ய மாட்டேன், நீங்களும் செய்ய வேண்டாம். திரித்தது புதுசாக இருந்தாலும் அடியில் ஓடுவது பழைய வசை. அந்த வசையையே கவிழ்க்க முடிந்தால் மட்டும் தொடுங்கள். 'பெண் புத்தி பின் புத்தி' என்பதற்குப் 'பின்னால் வருவதை முன்கூட்டி அறியும் புத்தி' என்று சமாதானப் பொருள் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அந்தச் சமாதானத்தில் நம்பிக்கை இல்லை, சொன்னவர்கள் அந்தப் பொருளில் சொல்லவில்லை என்பது எல்லாருக்கும் தெரியும். அதற்குப் பதில், அதைச் சொன்னவரிடமே 'ஆமாம், வீட்டில் அத்தனை பேருடைய பின் நம்பரும் அவள் புத்தியில்தானே இருக்கிறது' என்று சொல்லிவிடலாம். பழமொழியில் ஒரு சொல்கூட மாறவில்லை, அதன் பல் மட்டும் கழன்றுவிட்டது.

சொல்லும் முறையைப் பற்றிக் கொஞ்சம். பேச்சில் முதல் பாதியை உண்மையான பழமொழியைச் சொல்லப்போகிற தொனியிலேயே சொல்ல வேண்டும். முன்கூட்டியே சிரித்துவிட்டால் கேட்பவர் எச்சரிக்கை ஆகிவிடுவார், மனம் மூலத்தை முடிக்காது. எழுத்தில் மாற்றிய சொல்லைத் தடித்த எழுத்தில் போடுவது, பக்கத்தில் ஆச்சரியக்குறி போடுவது, கீழே மூலத்தைக் குறிப்பாகக் கொடுப்பது எல்லாம் வேண்டாம். இன்னொன்று, ஒன்று சொன்னால் நிறுத்திக்கொள்ளுங்கள். வரிசையாகப் பத்துத் திரிப்பு சொன்னால் மூன்றாவதிலேயே கேட்பவர் மூலத்தை விட்டுவிட்டு அடுத்த மாற்றத்தை ஊகிக்கத் தொடங்கிவிடுவார். பேசிக்கொண்டிருக்கும் விஷயத்துக்குப் பொருத்தமாக இடையில் ஒன்று விழுவதுதான் சரி. அடையாள அட்டையில் இருக்கும் தன் படத்தைப் பார்த்து ஒருவர் முகம் சுளிக்கும்போது 'அகத்தின் அழகு முகத்தில் தெரியும், முகத்தின் அழகு அடையாள அட்டையில் தெரியும்' என்று சொன்னால் அது எடுபடும். சும்மா உட்கார்ந்திருக்கும்போது சொன்னால் பாதி கூட எடுபடாது.

மூலம் தெரியாதவர்களிடம் என்ன செய்வது என்பது இப்போது நிறையப் பேருக்கு வருகிற சிக்கல். தானியக் குதிரும் சும்மாடும் அகப்பையும் பிள்ளைகளின் கண்ணில் படுவதில்லை, அவற்றைத் தாங்கிய பழமொழிகளும் நழுவிவிட்டன. அப்படிப்பட்ட இடத்தில் மூலத்தை முன்னாலேயே கதையாகச் சொல்லி நட்டுவைக்கலாம். கடன்காரர் வாசலில் வந்து 'அப்பா எங்கே?' என்று கேட்கிறார். தானியம் கொட்டிவைக்கும் குதிருக்குள் ஒளிந்திருக்கிறார் அப்பா. பிள்ளையோ யாரும் கேட்காமலே 'எங்கப்பன் குதிருக்குள் இல்லை' என்கிறான். இதைச் சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போய்விடுங்கள். கொஞ்ச நேரம் கழித்து யாராவது ஒருவன், 'நீ அனுப்பின மூணாவது மெசேஜை நான் பார்க்கவே இல்லை' என்று தானாக வந்து சொல்வான். அப்போது 'எங்கப்பன் ஆன்லைனில் இல்லை' என்று மட்டும் சொல்லுங்கள், பக்கத்தில் இருக்கிற பிள்ளைகள் 'குதிருக்குள்ள!' என்று கத்துவார்கள்.